கருவாடு விற்ற காசு நாறுமா?

“நாய் விற்ற காசு குரைக்குமா, கருவாடு விற்ற காசு நாறுமா” என்று நம் பக்கம் ஒரு பழமொழி உண்டு. எந்த வழியில் வந்தாலும் காசு காசுதான் என்று சொல்வதற்கு அதை எடுத்துவிடுவார்கள். காசு நாறாது, சரி. கருவாட்டைக் காயவைத்தவர் நாறுகிறார், சுமந்தவர் நாறுகிறார், சுட்டுத் தின்கிறவர் நாறுகிறார். இதைப் பழமொழி சொல்வதில்லை.

2021 டிசம்பரில் கன்னியாகுமரி மாவட்டம் குளச்சலில், மீன் விற்று முடித்து வீடு திரும்ப அரசுப் பேருந்தில் ஏறிய ஒரு வயதான மீனவப் பெண்ணை, நாற்றம் அடிக்கிறது என்று சொல்லி இறக்கிவிட்டார்கள். பேருந்து நிலையத்தில் நின்று அவர் நியாயம் கேட்ட காணொளியை நாம் எல்லோரும் பார்த்தோம். முதலமைச்சர் கண்டித்தார், ஊழியர்கள் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார்கள். 2024 பிப்ரவரியில் தருமபுரி மாவட்டம் அரூர்ப் பக்கத்தில், மாட்டிறைச்சி விற்றுப் பிழைக்கும் தலித் பெண் ஒருவரைப் பாத்திரத்தில் இறைச்சி இருந்தது என்பதற்காக நடுவழியில் இறக்கிவிட்டார்கள். அங்கேயும் பணியிடை நீக்கம். அதிகாரிகளின் கணக்கில் இவை இரண்டும் தனித்தனிச் சம்பவங்கள். இரண்டுக்கும் நடுவில் ஒரு நீண்ட வரலாறு இருக்கிறது. அதைக் கருவாட்டை வைத்துச் சொல்லிப் பார்க்கிறேன்.

அபிராமத்திலிருந்து கடல் தெரியாது. முதுகுளத்தூர், கடலாடி, சாயல்குடி என்று தெற்கே இறங்கி மூக்கையூர் போனால்தான் கடல். ஆனாலும் அபிராமத்தைச் சுற்றியுள்ள சேரிகளில் கடலைத் தின்றே வளர்ந்தோம். கண்மாய் பெருகிய வருடம் கெளுத்தி, அயிரை கிடைக்கும். பெருகாத வருடங்கள்தான் எங்கள் பக்கம் அதிகம். அப்போது கறிக்கு வழி கருவாடு ஒன்றே. என் அப்பத்தா காரல் கருவாட்டை அடுப்புக் கங்கில் போட்டுத் திருப்பி, தலையைக் கிள்ளி எறிந்துவிட்டு, கம்பங்கூழுக்கு ஒன்று என்று எண்ணி வைப்பார். நாலு பிள்ளைக்கு நாலு காரல். வாளைக் கருவாடும் சீலாவும் கத்தரிக்காய்க் குழம்பில் விழுந்தால் அன்றைக்கு வீட்டில் விசேஷம் என்று அர்த்தம். கூலி தானியமாகக் கிடைத்த காலத்தில் கருவாட்டுக்காரிக்கும் தானியம்தான் விலை. அவர் பனையோலைப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு வருவார், தெருவுக்குள் வந்து உட்காருவார், எங்கள் வீட்டுத் தண்ணீரை வாங்கிக் குடிப்பார். அந்தக் கடைசி விஷயத்தை அப்பத்தா சாகிறவரை சொல்லிக்கொண்டிருந்தார். ஊர்த்தெருவிலிருந்து சேரிக்கு எதையும் விற்க வருகிறவர்கள் அப்படிக் குடிப்பதில்லை.

கருவாட்டு நாற்றத்துக்கு இலக்கியத்திலும் இடமுண்டு. நற்றிணையின் 45ஆம் பாட்டில் ஒரு நெய்தல் நிலத்துப் பெண். சுறாவை அறுத்துக் காயப்போட்டிருக்கிறார்கள், அதைத் தின்ன வரும் பறவைகளை அவள் ஓட்டிக்கொண்டிருக்கிறாள். தேரில் வந்த ஊர்க்காரப் பெரிய இடத்துப் பையன் அவளைப் பார்த்து மயங்கி நிற்கிறான். தோழி அவனிடம், எங்கள் மேல் மீன் நாற்றம் அடிக்கும், எட்டி நில் என்கிறாள். தமிழாசிரியர்கள் இதைக் காதலின் அழகு என்று நடத்துவார்கள். நான் படித்தபோது எனக்குத் தோன்றியது வேறு. எட்டி நிற்கச் சொல்லும் உரிமை அன்றைக்கு அந்தப் பெண்ணின் கையில் இருந்திருக்கிறது. பேருந்தில் அது நடத்துநர் கைக்குப் போய்விட்டது.

இனி உப்புக்கு வருவோம். மீன் விலை என்றால் எல்லோரும் கடலைப் பார்க்கிறார்கள், படகைப் பார்க்கிறார்கள். கருவாட்டின் விலையை நூறு ஆண்டுக்கும் மேலாக நிர்ணயித்தது உப்பு. நெத்திலி போன்ற பொடி மீனை வெறும் மணலில் போட்டு வெயிலில் காயவைத்துவிடலாம். கொஞ்சம் சதைப்பற்றுள்ள மீன் என்றால் வயிற்றைக் கீறிக் குடலை எடுத்து, மூன்று நான்கு பங்கு மீனுக்கு ஒரு பங்கு உப்பு போட்டு, தொட்டியில் ஓரிரு நாள் ஊறவைத்துத்தான் காயவைக்க முடியும். தென்கடற்கரையில் தொட்டி வாங்க வசதியில்லாதவர்கள் மணலில் குழி தோண்டி, பனையோலைப் பாய் விரித்து, உப்பிட்ட மீனை உள்ளே வைத்து மூடி எடுப்பார்கள். உப்பைக் குறைத்தால் உள்சதை அழுகும், புழு வைக்கும்.

கிழக்கிந்தியக் கம்பெனி 1805-ல் சென்னை மாகாணத்தில் உப்பைத் தன் ஏகபோகமாக்கியது. அதன்பின் கருவாடு போடுகிறவர் கடலோரத்தில் தானாக விளைந்து வெள்ளையாகக் கிடக்கும் உப்பைத் தொட்டால் குற்றம், உவர்மண்ணைச் சுரண்டினால் குற்றம். 1889-ஆம் ஆண்டின் சென்னை உப்புச் சட்டம் இந்தக் குற்றங்களை வரிசையாக எழுதிவைத்தது. தானாக விளைந்த உப்பை மக்கள் எடுத்துவிடக் கூடாது என்று அதிகாரிகளே அழித்தார்கள். 1882-ல் ஒரு மணங்கு உப்புக்கு வரி 2 ரூபாய். 1888-ல் இரண்டரை ரூபாய். மணங்கு என்பது ஏறக்குறைய 37 கிலோ. ஒரு நாள் பண்ணைக்கூலி இரண்டு மூன்று அணாவாக இருந்த காலம் அது. அந்த உப்பை வாங்கி மீனில் போட்டால் கருவாடு மீனைவிடப் பல மடங்கு விலையாகிவிடும். எனவே உப்பைக் குறைத்தார்கள், உவர்மண்ணைத் திருட்டுத்தனமாகப் பிசைந்தார்கள். பாதி அழுகிய சரக்கு உள்நாட்டுச் சந்தைக்குப் போனது. அதை வாங்கித் தின்றவர்கள் யார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. தலித் மக்கள் நாறுகிற பண்டத்தைத் தின்கிறார்கள் என்று பிறகு புத்தகம் எழுதியவர்கள், அந்த நாற்றத்தில் அரசாங்க வரிக்கு இருந்த பங்கை எழுதவில்லை.

எழுதிய ஒருவர் இருந்தார் என்பதையும் சொல்லிவிட வேண்டும். பிரான்சிஸ் டே என்ற இராணுவ மருத்துவர், மீன்களை ஆராய்ந்தவர், 1873-ல் இந்தியா, பர்மா ஆகிய நாடுகளின் கடல்மீன் பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை கொடுத்தார். உப்பு வரி மீன் பதனிடும் தொழிலை எப்படி நசுக்குகிறது என்பது அதில் இருந்தது. அதன் பிறகுதான் 1870களின் நடுவிலிருந்து, வரியில்லாத உப்பைக் கொடுத்து மீன் உப்பிட அரசு முற்றங்கள் சென்னை மாகாணக் கடற்கரையில் திறக்கப்பட்டன. பின்னர் அவை நூற்றுக்கும் மேல் பெருகின. சலுகைதான், ஆனால் கொடுத்த விதத்தைப் பாருங்கள். முற்றத்தைச் சுற்றி வேலி. உப்பு வேலியைத் தாண்டக் கூடாது. மீனை உள்ளே கொண்டுவந்து, உப்புத்துறைச் சிப்பந்தியின் கண்ணெதிரே உப்பிட வேண்டும். முற்றத்துக்கு எட்டாத தூரத்தில் இருக்கிற சின்னக் கரைக்கு அந்தச் சலுகை இல்லை. கூடை மீனோடு நடந்து வருகிற பெண்ணும், வண்டியில் ஏற்றி வருகிற வியாபாரியும் ஒரே வரிசையில் நின்றால் யாருக்கு முதலில் உப்பு கிடைக்கும் என்பது நமக்குத் தெரிந்த கதை. மீன் காத்திருக்காது. காத்திருக்க முடியாதவர் பச்சை மீனையே வியாபாரியிடம் விற்றுவிட்டு நடையைக் கட்டுவார். கருவாட்டுத் தொழிலில் முதல் போட்டவர் கை ஓங்குவதற்கு அரசின் வேலியே உதவியிருக்கிறது என்று நான் நினைக்கிறேன்.

1907-ல் சென்னை மாகாணத்தில் மீன்வளத்துக்கென்று ஒரு பணியகம் வந்தது. அதை நடத்திய சர் பிரடெரிக் நிக்கல்சன் ஏழைகளுக்கு மலிவான உணவு என்ற கோணத்தில் மீனைப் பார்த்தவர். எண்ணூரில் சோதனை நிலையம், மலபார்க் கரையில் சோதனைகள், டப்பாவில் மீன் அடைத்தல் என்று பலவற்றைச் செய்து பார்த்தார். நல்ல எண்ணம் என்பதில் சந்தேகமில்லை. ஆனால் தொழிலாளி மலிவாகச் சாப்பிட்டால் கூலியும் மலிவாக இருக்கும் என்பதை முதலாளிகளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

உப்பு என்றவுடன் 1930 நினைவுக்கு வரும். தண்டி, வேதாரண்யம், காந்தி, ராஜாஜி. அந்தப் போராட்டத்தின் பலனாக 1931 மார்ச்சில் காந்தி-இர்வின் ஒப்பந்தத்தில் ஒரு சலுகை கிடைத்தது. உப்பு விளையும் இடங்களை ஒட்டிய கிராமத்தார் தங்கள் வீட்டுத் தேவைக்கு எடுத்துக்கொள்ளலாம், கிராமத்துக்குள் விற்றுக்கொள்ளலாம், வெளியாருக்கு விற்கக் கூடாது. கடலோரக் கிராமத்துக்கு அது ஒரு மூச்சு. அபிராமம் மாதிரி உள்நாட்டு ஊரின் கூலிக்காரருக்கு ஒன்றுமில்லை. வரி முழுதாக ஒழிந்தது 1947-ல்.

இதில் நம் தோழர்கள் பலர் கவனிக்காத ஒன்றைச் சொல்கிறேன். அண்ணல் அம்பேத்கர் 1954-ல் மாநிலங்களவையில் பேசும்போது, உப்பு வரியை மறுபடி போடுங்கள் என்று கேட்டார். அந்தப் பணத்தைக் காந்தி பெயரிலேயே ஒரு நிதியாக வைத்துத் தீண்டப்படாத மக்களின் முன்னேற்றத்துக்குச் செலவிடுங்கள் என்றார். கிண்டலும் அதில் இருந்தது, கணக்கும் இருந்தது. கருவாட்டுக் கண்ணோடு பார்த்தால் எனக்கு இதில் முழு உடன்பாடில்லை. வரி சேரியின் சட்டியிலும்தான் விழுந்திருக்கும். ஆனால் உப்பு விடுதலை பெற்றது, உப்பைத் தின்றவன் விடுதலை பெறவில்லை, அதற்கு யார் பணம் கொடுப்பது என்ற அவருடைய கேள்விக்கு அன்றைக்கும் பதில் வரவில்லை.

கருவாட்டின் பெரிய சந்தை உள்நாட்டில் இருக்கவில்லை, இலங்கையில் இருந்தது. இந்த இடத்தில்தான் நம் மக்களின் கதையும் கருவாட்டின் கதையும் ஒரே தண்டவாளத்தில் ஓடுகின்றன.

1830களில் காப்பித் தோட்டத்தோடு தொடங்கிய குடிபெயர்வு, 1870களுக்குப் பிறகு தேயிலையோடு பெருகியது. போனவர்களில் பெரும்பங்கு பள்ளர், பறையர், சக்கிலியர் என்று ஊரில் ஒதுக்கப்பட்ட மக்கள். கங்காணியின் முன்பணமும் கடனும் அவர்களை இழுத்துப்போயின. தொடக்கத்தில் இராமநாதபுரம் கரையிலிருந்து தோணியில் மன்னாருக்குப் போய், அங்கிருந்து காட்டு வழியே நடந்தார்கள். வழியில் செத்தவர்கள் ஏராளம். 1914 பிப்ரவரியில் பாம்பன் பாலம் திறந்தது. சென்னையிலிருந்து தனுஷ்கோடிவரை ரயில், அங்கிருந்து தலைமன்னாருக்குக் கப்பல். போட் மெயில் என்று எங்கள் பக்கத்துக் கிழவர்கள் இன்னும் சொல்வார்கள். அப்பத்தாவின் பெரியப்பா ஒருவர் அப்படித்தான் கண்டிச்சீமைக்குப் போனார். கடிதம் ஒன்றிரண்டு வந்ததாம், பிறகு இல்லை.

இராமேஸ்வரம் தீவின் கருவாடும் அதே கடலைத்தான் கடந்தது. வித்தியாசம் ஒன்று உண்டு. ஆட்கள் முதலில் மண்டபம் முகாமில் இறங்க வேண்டும். இந்திய மண்ணில் இலங்கை அரசு நடத்திய முகாம் அது. அங்கே உடுப்பை ஆவியில் வைப்பார்கள், உடம்பைச் சோதிப்பார்கள், காலராவோ பிளேக்கோ இல்லையென்று தெரியும்வரை சில நாள் அடைத்துவைப்பார்கள். 1900களின் தொடக்கத்திலிருந்து கழுத்தில் கட்டிக்கொள்ளத் தகரச் சீட்டு வேறு. எந்தத் தோட்டத்துச் சரக்கு இது என்று அதைப் பார்த்தால் தெரியும். கருவாட்டுச் சிப்பத்துக்குக் கழுத்தில் சீட்டும் கிடையாது, மருந்துக் குளியலும் கிடையாது.

தோட்டத்து லயத்தில் அரிசியும் கருவாடும்தான் சாப்பாடு. மலையில் மீன் கிடையாது, தோட்டத்தை விட்டு வெளியே போய் வாங்க நேரமும் கிடையாது. பெயர்ப் பட்டியலில் நிற்கும் வேலையாளுக்குக் கூலியில் பிடித்துக்கொண்டு அரிசி. தோட்டத்துக் கடையில் கடனுக்குக் கருவாடு. இலங்கைச் சந்தையின் கை எவ்வளவு நீளம் என்றால், கர்நாடக, மலபார்க் கரைகளில் அயிலை மீனைக் குடம்புளியும் உப்பும் சேர்த்து மரப்பீப்பாயில் ஊறப்போடும் ஒரு முறைக்குக் கொழும்பின் பெயரே நிலைத்துவிட்டது. செய்தது அங்கே, பெயர் வாங்கிய ஊரின் பெயர். மாலத்தீவு மாசி இதைவிடப் பழைய கதை. சூரை மீனை அவித்து, புகைபோட்டு, கட்டையாகக் காயவைத்தது. 1340களில் அங்கே இருந்த இபின் பதூதா, அது இந்தியாவுக்கும் சீனத்துக்கும் ஏமனுக்கும் கூடை கூடையாகப் போவதை எழுதியிருக்கிறார்.

பதனிட்ட மீனையும் கட்டுண்ட உழைப்பையும் சேர்த்துப் பார்க்கும்போது அட்லாண்டிக் கடலைப் பார்க்காமல் இருக்க முடியவில்லை. வட அமெரிக்காவின் நியூஃபவுண்ட்லாந்து, நியூ இங்கிலாந்து கரைகளில் காட் மீனை உப்பிட்டுக் காயவைத்தார்கள். முதல் தரம் ஐரோப்பாவின் கத்தோலிக்க நாடுகளுக்குப் போனது. உடைந்தது, அதிகம் உப்பேறியது, சரியாகக் காயாதது, இந்தக் கடைசித் தரத்துக்கு மேற்கிந்தியத் தரம் என்று பெயர் வைத்தார்கள். ஏனென்றால் அது கரீபியன் கரும்புத் தோட்டங்களில் கறுப்பின அடிமைகளுக்குப் போடப்பட்டது. ஒரு மீனின் தரத்துக்கு, அதைத் தின்னும் மனிதனின் தரத்தைப் பெயராக வைத்தவர்கள் அவர்கள். நம் பக்கத்து வியாபாரிகள் அப்படி எழுதிவைக்கவில்லை. ஆனால் எந்தக் கருவாடு எந்தத் தெருவுக்கு என்று சிப்பம் பிரிக்கும்போதே தெரியும். ஜமைக்காவில் அந்த உப்பு மீனும் அக்கி என்ற பழமும் சேர்ந்தது இன்று நாட்டின் தேசிய உணவு. அடிமையின் சட்டி அங்கே நாட்டின் சட்டியாகிவிட்டது. இங்கே வாடகை வீட்டில் கருவாடு வறுத்தால் வீட்டைக் காலி செய்யச் சொல்கிறார்கள். எனக்கே ஒரு நகரத்தில் நடந்திருக்கிறது. கருவாடு பிடிக்காது என்று வீட்டுக்காரர் சொன்னதற்கு என்ன பொருள் என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

இலங்கைச் சந்தை படிப்படியாக மூடியது. 1948-ன் குடியுரிமைச் சட்டம் தோட்டத் தொழிலாளரை நாடற்றவர்களாக்கியது. அந்நியச் செலாவணி நெருக்கடியில் இறக்குமதியை இலங்கை இறுக்கியது. 1964 அக்டோபர் 30-ல் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம்: 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை கொடுக்கும், மிச்சமுள்ளவர்களைப் பிறகு பார்க்கலாம். அந்த மக்களிடம் யாரும் கேட்கவில்லை. இரண்டு மாதம் கழியுமுன், டிசம்பர் 22 இரவு புயல் தனுஷ்கோடியைத் துடைத்துப்போட்டது. ரயிலும் போனது, துறையும் போனது, கருவாடு காய்ந்த மணலும் போனது. அதன்பிறகு திரும்பி வந்தவர்களை ‘இராமானுஜம்’ கப்பல் தலைமன்னாரிலிருந்து இராமேஸ்வரத்தில் கொண்டுவந்து இறக்கியது. மறுபடி மண்டபம் முகாம். பாட்டன் தகரச் சீட்டோடு போன வாசல் வழியாகப் பேரன் தகரப் பெட்டியோடு வந்தான். பின்னால் ஈழ அகதிகளுக்கும் அதுவே முகாமானது.

அதே மண்டபம் முகாமில் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் தலைமையிடமும் 1949 முதல் 1971 வரை இருந்தது. அந்த ஆண்டுகளில்தான் இந்தியக் கடல் பொருள் வணிகம் தலைகீழாக மாறியது. 1960 வரை இந்தியா ஏற்றுமதி செய்த கடல் பொருள் பெரும்பாலும் கருவாடும் காய்ந்த இறாலும்தான். உறைய வைத்த இறால் 1953-ல் சிறிய அளவில் தொடங்கி, 1961-ல் காய்ந்த சரக்கை முந்தியது. 1966-ல் ரூபாய் மதிப்புக் குறைக்கப்பட்டதும் இன்னும் வேகம் எடுத்தது. 1972-ல் ஏற்றுமதிக்கென்று தனி ஆணையமே வந்துவிட்டது. விசைப்படகு, பனிக்கட்டி, குளிர்பதனக் கிடங்கு, வங்கிக் கடன் எல்லாம் இறாலின் பின்னால் ஓடின. கருவாடு பெண்கள் கையிலும் மணலிலும் அப்படியே விடப்பட்டது. இந்த மாற்றத்தைப் புரட்சி என்று பாடப்புத்தகங்கள் எழுதுகின்றன. ஏழைக்கு உணவாக இருந்த கடல், டாலருக்கு வழியாக மாறிய நாள் என்று நான் எழுதுவேன்.

இறால் இழுக்கும் மடியில் இறால் மட்டும் ஏறாது. பொடி மீன், குஞ்சு மீன், நண்டு, எல்லாம் வாரிக்கொண்டு வரும். இராமேஸ்வரம் கரையில் அதற்குச் சங்காயம் என்று பெயர். முன்பு கருவாடாகி எங்கள் சந்தைக்கு வந்த காரலும் பொடியும் இன்று சங்காயமாகி, மணலில் காய்ந்து, கோழித் தீவனத்துக்கென்று நாமக்கல்லுக்கு லாரியில் போகிறது. கோழிக்கு வாங்குகிறவர் மொத்தமாகக் கேட்கிறார், சுத்தம் கேட்பதில்லை. கூடைக்காரப் பெண் அவரோடு விலையில் போட்டி போட முடியாது. அந்தக் கோழி இடும் முட்டையில் ஒன்று சத்துணவுக் கூடத்தில் எங்கள் பிள்ளையின் தட்டுக்கு வருகிறது என்பதையும் மறுக்கவில்லை. ஆனால் காரலை நேராகவே எங்களிடம் கொடுத்திருந்தால் இத்தனை பேர் நடுவில் நின்றிருக்க மாட்டார்கள்.

கடல் தாண்டிய வழி அடைபட்ட பிறகு கருவாடு நிலத்தின் வழியே வடக்கே திரும்பியது. இன்று இந்தியக் கருவாட்டுச் சந்தையின் தலைநகரம் எது என்றால் தூத்துக்குடி, மும்பை என்பீர்கள். அசாமில், கடலே இல்லாத மோரிகாவ் மாவட்டத்தில், கவுகாத்திக்குக் கிழக்கே இருக்கிற ஜாகிரோடு என்ற ஊர். ஆசியாவிலேயே பெரிய கருவாட்டுச் சந்தை என்று அதைச் சொல்கிறார்கள். குஜராத், மகாராஷ்டிரம், ஆந்திரம், வங்காளம், தமிழ்நாடு எல்லாக் கரையிலிருந்தும் சரக்கு அங்கே போய்ச் சேர்ந்து, வடகிழக்கின் மலைகளுக்குப் பிரிகிறது. இராமநாதபுரம் கரைக்கு வங்கத் திசை புதிதில்லை. வங்கப் பெண்களின் வளையலுக்குக் கீழக்கரைச் சங்கு பல நூற்றாண்டுகள் போயிருக்கிறது.

வடகிழக்கின் பழங்குடி மக்கள் கருவாட்டைப் புளிக்கவைத்தும் இடித்தும் தங்கள் சமையலின் உயிராக வைத்திருக்கிறார்கள். அசாமின் தேயிலைத் தோட்டத் தொழிலாளியின் சட்டியிலும் அது கிடக்கிறது. சோட்டா நாக்பூரிலிருந்து ஆள்பிடித்துக் கொண்டுபோகப்பட்ட ஆதிவாசிகளின் வழிவந்தவர்கள் அவர்கள். சொந்த ஊரில் பட்டியல் பழங்குடி, அசாமில் அந்தச் சான்றிதழ் கிடையாது; இன்றுவரை போராடுகிறார்கள். கண்டியிலும் தேயிலை, அசாமிலும் தேயிலை, இரண்டிலும் சோற்றுக்குக் கருவாடு.

சான்றிதழ் என்றதும் இராமேஸ்வரம் தீவுக்கே திரும்ப வேண்டும். அங்கே கடையர் என்ற மக்கள் உண்டு. சிப்பி பொறுக்கிச் சுண்ணாம்பு சுட்டவர்கள் என்று 1901 குடிக்கணக்கு எழுதியது, கடல் தொழில் செய்கிறவர்கள். ‘கடையன்’ பட்டியல் சாதிகளில் இருக்கும் பெயர். 2021-ல் ஏழு பெயர்களைத் தேவேந்திரகுல வேளாளர் என்று ஒன்றாக்கிய சட்டத்தில், கடையன் பெயருக்குப் பக்கத்தில் ஓர் அடைப்புக்குறி: திருநெல்வேலி, தூத்துக்குடி, இராமநாதபுரம், புதுக்கோட்டை, தஞ்சாவூர் மாவட்டங்களின் கடலோரப் பகுதிகள் நீங்கலாக. உள்ளே வருகிறோமா வேண்டாமா என்பது அந்த மக்களின் முடிவு, நான் அதில் தலையிட வரவில்லை. ஒரு பெயரைக் கடல் அலை நனைக்கும் இடத்தில் சட்டம் நிறுத்திவைத்திருக்கிறது என்பதை மட்டும் சொல்கிறேன்.

மீனவர் எல்லோரும் தலித் மக்களின் கூட்டாளிகள் என்று பசப்பவும் நான் தயாரில்லை. கடற்கரைக்கும் சாதி உண்டு, கோயிலும் தெருவும் பிரிந்தே இருக்கின்றன. சேரியிலிருந்து போன ஒருவர் கருவாட்டு மண்டி வைத்திருக்கிறார் என்று எங்கள் பக்கத்தில் நான் கேள்விப்பட்டதில்லை. சேரியாருக்குக் கிடைப்பது சிப்பம் தூக்கும் வேலை, வாலிநோக்கத்தில் உப்பு வாரும் வேலை. 1974-ல் தொடங்கிய தமிழ்நாடு உப்புக் கழகம் அங்கே இருப்பதால், வறண்ட ஊர்க்காரர்களுக்குக் கால் புண்ணோடு கொஞ்சம் கூலியும் கிடைக்கிறது. மீனைக் காயவைக்கும் பெண்ணுக்கும் மண்டிக்காரருக்கும் உள்ள உறவு முன்பணத்தில் ஓடுகிறது. முன்பணம் வாங்கியவர் சரக்கை வேறு இடத்தில் விற்க முடியாது. கங்காணியின் கணக்குப் புத்தகம் கப்பலேறிப் போகவில்லை, இங்கேயேதான் இருக்கிறது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். அப்போது கருவாடு விலை ஏறும். ஏறிய விலை இருப்பு வைக்கக் கிடங்கு உள்ளவருக்குப் போகிறது; காயவைத்தவர் அதை எப்போதோ விற்றுவிட்டிருப்பார்.

சென்ற மாதம் அபிராமத்துக்குப் போயிருந்தேன். சந்தையில் காரல் கருவாடு இரண்டு கூறுதான் இருந்தது, மிச்சமெல்லாம் நெத்திலியும் துண்டு போட்ட திருக்கையும். என் சித்தி முறையுள்ள ஒருவர் அரைக் கிலோ வாங்கினார். கடைக்காரர் பாலித்தீன் பையில் போட்டு முடிந்தார். சித்தி இன்னொரு பை கேட்டார், அதற்கு மேல் இன்னொன்று. பிறகு மூன்று பையையும் துணிப்பையின் அடியில் வைத்து, மேலே கறிவேப்பிலையும் முருங்கைக்காயும் அடுக்கி, முந்தானையால் மூடிக்கொண்டு பேருந்துக்கு நின்றார். எதற்கு இத்தனை என்றேன்.

“ஏறவிட மாட்டேன்னா நடந்து போக ஒன்பது மைலுய்யா” என்றார்.